ராசாவுக்கு உள்ள உரித்து

ஐரோப்பாவில் ஒரு நாட்டில் அரண்மனைகளும் சுற்றியுள்ள காணிகளும் அரசாங்கச் சொத்தாம். ராசா அவற்றில் இருக்கலாம், உலாவலாம். அந்த உரிமையைச் சட்டமாகவே எழுதி வைத்திருக்கிறார்களாம். தொலைக்காட்சியில் இதைக் கேட்டதும் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"கேட்டியளோ? ராசாவே வாய்ச்சொல்லை நம்பி இருக்கேல்லை," என்றேன். என் கணவர் சத்தத்தைக் குறைத்தார்.

யாழ்ப்பாணத்தில் மகளுக்குச் சீதனமாக வீட்டை எழுதும்போது, பெற்றோர் சாகும்வரை அதில் இருக்கலாம் என்று உறுதிப் பத்திரத்தில் ஒரு வரி சேர்ப்பார்கள். சீவிய உரித்து என்பார்கள். அம்மாவும் எனக்கு அப்படித்தான் எழுதினா. அதனால் பாசம் குறைந்துவிடவில்லை, அது வழமை. இவருக்கும் நன்றாகத் தெரியும். ஆனால் கனடாவில் இந்த ஸ்காபரோ வீட்டை மகளின் பெயருக்கு மாற்றப் போனபோது, "நீங்கள் இருக்கிறதுக்கு ஏதும் எழுதவேணுமோ?" என்று வழக்கறிஞர் கேட்க, இவருக்கு நாசமாய்ப்போன ரோசம் வந்துவிட்டது.

"என்ர பிள்ளையின்ர வீட்டில இருக்க எனக்குக் கடுதாசி வேணுமோ?"

மேசைக்குக் கீழே காலால் தட்டினேன். மனிசன் அசைந்தால்தானே!

இப்போது மகளும் மருமகனும் இதை விற்று, நகரத்துக்கு வெளியே ஸ்ரௌவ்வில்லில் புதுவீடு வாங்கப் போகிறார்கள். "அம்மா, கீழ பேஸ்மன்ற் முழுக்க உங்களுக்குத்தான். இட்ஸ் ஸோ பிக்!" என்கிறாள். பக்கத்தில் பஸ் ஓடுமா என்று கேட்டேன். "நாங்கள் கொண்டுபோய் விடுவம்தானே." அட கோதாரி! இங்கே நினைத்த நேரம் பஸ் ஏறிக் கோயிலுக்கும் மரக்கறிக் கடைக்கும் போகிறவள் நான். அங்கே பிள்ளையாரைப் பார்க்கவும் யாராவது வேலையால் வரும்வரை காத்திருக்க வேண்டும். விற்காதே என்று சொல்ல எனக்கு என்ன உரித்து இருக்கிறது? பிள்ளை கெட்டவளும் இல்லை. அதனால் ஆசை தீரக் கோபிக்கவும் முடியவில்லை.

சனிக்கிழமை வீடு பார்க்க ஆட்கள் வருவதாக இருந்தது. வீடு விற்றுக் கொடுக்கும் ஏஜென்ட் முன்னதாகவே வந்துவிட்டார். எங்கட ஆள்தான், பணிவாகப் பேசினார்.

"அங்கிள், அன்ரி, ஆக்கள் பாக்கேக்க வீட்டுச் சொந்தக்காரர் நிக்கிறது சரியில்லை. கொஞ்ச நேரம் வெளியில போயிட்டு வாறியளோ?"

நான் சப்பாத்தைப் போட்டுவிட்டேன். இவர் கதிரையை விட்டு எழும்பவில்லை.

"சொந்தக்காரி வேலைக்குப் போயிட்டா, தம்பி," என்றார். "நாங்கள் இஞ்ச சும்மா இருக்கிற ஆக்கள்."