பக்திப் பாடல்கள் என்று எழுதி ஒட்டிய கசெற்

நேற்று லிபெர்த்தா தெருவில் நான் துடைக்கிற வீட்டுக்கார அம்மா, சின்யோரா, பழைய ரேப் ரெக்கோடரைக் குப்பையில் போடச் சொன்னார். மூடியைத் திறந்தேன். பழைய ரேப்பின் புளித்த மணம். அது என்னை நேரே மிலோஷ் வீட்டில் கொண்டுபோய் விட்டது.

மிலோஷ் செக் நாட்டுக்காரர். ஐம்பது வயதிலேயே ஒரு கையும் காலும் வழங்காமல் கிடந்தார். பலேர்மோவில் எனக்குக் கிடைத்த முதல் வேலை அவரைப் பார்ப்பதும் சமைப்பதும். சமையல் என்றால், முட்டை அவிப்பேன்.

இளவயதில் ரொக் பாட்டுக்காரராம். அங்கே கம்யூனிஸ்ட் ஆட்சியில் மேடையேறச் சோதனை பாஸ்பண்ண வேண்டும். கிற்றாரோடு அரசியல் கேள்வியும் கேட்பார்களாம். அவர் பெயில். நான் ஐந்தாம் வகுப்பிலேயே பெயில், அதனால் இருவருக்கும் நல்ல ஒட்டு. பிறகு சிநேகிதர்களின் கலியாண விருந்து என்ற சாட்டில் வாசித்தார்களாம். அப்படி ஒரு கலியாணத்தில் பதிந்த ஒரேயொரு கசெற்றுத்தான் மிச்சம். பொலிசுக்குப் பயந்து அதில் பெயர்கூட எழுதவில்லை.

இதெல்லாம் அவர் சொல்ல முதலே நான் அந்தக் கசெற்றை எடுத்துவிட்டேன். கடிதம் எழுதப் பஞ்சி, சோம்பல். மனைவிக்குச் சொல்ல வேண்டியதை அதில் பேசி, ஆமியின் சோதனைச் சாவடியில் பறிக்காமலிருக்க எங்கள் ஊர் வழக்கப்படி மேலே ‘பக்திப் பாடல்கள்’ என்று ஒட்டி, ஊருக்குப் போன ஒருவரிடம் கொடுத்துவிட்டேன்.

"வெறுங்கசெற் எண்டு நினைச்சன்."

"பொலிஸ் வீடு புகுந்து தேடியும் கிடைக்காததை நீ கையாலை குடுத்தனுப்பிப்போட்டியே, மடையா!"

அவர் திட்டியது இத்தாலியனில். எனக்கு விளங்கியது இப்படித்தான். ஒரு கிழமை முகம் கொடுக்கவில்லை. திருப்பி அனுப்பச் சொல்லி மனைவிக்கு எழுதினேன். பஞ்சியெல்லாம் பறந்துவிட்டது.

இரண்டு மாதம் கழித்துப் பதில் வந்தது. "உங்கடை கதை பத்து நிமிசத்திலை முடிஞ்சுது. பிறகு ஆரோ கத்துகினம். இஞ்சை கரண்ட் இல்லை. மகள் சைக்கிளைக் கவிட்டு வைச்சு, டைனமோ சுத்திச் சுத்தி அதைத்தான் கேக்கிறாள். அனுப்பினால் அழுவாள். என்ன செய்ய?"

மிலோஷுக்குச் சொன்னேன்.

"சைக்கிளோ?" சிரித்துச் சிரித்து இருமினார். பிறகு ஜன்னலைப் பார்த்துக்கொண்டு, "கொஞ்ச நாள் வைச்சிருக்கட்டும்" என்றார்.

அடுத்த மழைக்குள் சண்டை வந்து ஊரே இடம்பெயர்ந்தது. மனைவி மகளைத் தூக்கினாள், அடையாள அட்டையைத் தூக்கினாள். திரும்பிப் போனபோது வீட்டுக்குக் கதவு நிலைகூட இல்லை.

மிலோஷும் செத்துப்போய்விட்டார். மகள் இப்போது இங்கே பலேர்மோவில்தான் இருக்கிறாள். பாட்டு எப்படியென்று கேட்டால், "ஞாபகமில்லை அப்பா. கை நொந்தது மட்டும் ஞாபகம்" என்கிறாள். நான் அதை ஒருதரமும் கேட்டதில்லை. அன்று அதில் பேசத் தொடங்க முதல் ஒரு நிமிடம் போட்டுப் பார்க்கவும் எனக்குப் பஞ்சி.