கம்பெனி வாசலில் அம்மா சொன்னது

இருபத்திரண்டு வருஷமாக நடிக்கிறேன். சீரியலில் மாமியார், நாத்தனார், பக்கத்து வீட்டுக்காரி. சினிமாவில் பெரும்பாலும் ஹீரோவைப் பெற்றவள். இத்தனை வருஷத்தில் என் குரலை நீங்கள் ஒரு தடவைகூடக் கேட்டதில்லை. முகம் என்னுடையது, அழுகை என்னுடையது, வாயசைவு என்னுடையது. குரல் மட்டும் கோடம்பாக்கத்தில் ஒரு கண்ணாடி அறைக்குள் நின்று பேசும் இன்னொரு பெண்ணுடையது. அவள்மேல் எனக்குக் கோபம் இல்லை. அவளும் என்னைப்போலப் பிழைக்க வந்தவள்தான்.

எனக்குச் சொந்த ஊர் சென்னைக்கு வடக்கே, கும்மிடிப்பூண்டி போகிற வழியில் புதுவாயல் பக்கம். முதல் நாள் ஷூட்டிங்கில் ஒரே ஒரு வசனம். கேமராவுக்குப் பக்கத்தில் நின்று உதவி இயக்குநர் எடுத்துக் கொடுத்தார். 'என்ன தம்பி, வீட்டுப் பக்கமே வரதில்ல' என்பதை நான் 'இன்னா தம்பி, ஊட்டுப் பக்கமே வர்றதில்ல' என்று சொல்லிவிட்டேன். மொத்த யூனிட்டும் சிரித்தது. டைரக்டர் சிரிக்கவில்லை. மூஞ்சி நல்ல குடும்பத்து மூஞ்சி, வாய்தான் பேட்டை ரவுடி வாய், டப்பிங்கில் பார்த்துக்கொள்ளலாம் என்றார். அன்றைக்குக் குத்திய முத்திரை அது. பிறகு நான் சுத்தமாகப் பேசக் கற்றுக்கொண்டேன். கேட்பதற்கு ஆள்தான் இல்லை. குடிகாரனுக்கு எங்கள் பேச்சு வேண்டும், பிக்பாக்கெட்டுக்கு வேண்டும், காமெடியனுக்கு வேண்டும். அம்மாவுக்கு மட்டும் வேண்டாம். எங்கள் பக்கத்தில் யாரும் பிள்ளையே பெறவில்லையா?

கும்மிடிப்பூண்டி ரயிலில் பெண்கள் என்னை அடையாளம் கண்டு வந்து கையைப் பிடித்துக்கொள்வார்கள். நான் வாயைத் திறந்ததும் அவர்கள் முகம் சுருங்கிவிடும். ஒருத்தி, "இன்னா மேடம், சளி புடிச்சிகிச்சா?" என்று அக்கறையாக விசாரித்தாள். அவள் பேச்சும் என் பேச்சும் ஒன்றேதான். அது அவளுக்கே உறைக்கவில்லை. பொன்னேரி வரும்வரை பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு இளம் டைரக்டர் வீடு தேடி வந்தார். கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் நடக்கிற கதை என்றார். ஒரு கம்பெனியில் விபத்து, ஒரு பையன் சாகிறான், அவன் அம்மா வேஷம் எனக்கு. இந்த ஊர் அம்மா வேண்டும், உங்கள் குரலிலேயே வேண்டும், அதற்காகத்தான் உங்களைத் தேடி வந்தேன் என்றார். இந்தத் தொழிலில் ஊறிப்போனவள் நான். அப்படிப்பட்டவள் நேற்று வந்த பெண் மாதிரி நம்பினேன்.

கம்பெனி வாசலில் அந்த அம்மா அழுவதுதான் படத்தின் முக்கியமான காட்சி. பேப்பரில் ஒரு பக்கத்துக்கு ஒப்பாரி எழுதி வைத்திருந்தார். படித்துவிட்டு, இப்படி இருக்காது என்றேன். எப்படி இருக்கும் என்று கேட்டார். அதுவரை சினிமாவில் யாரிடமும் சொல்லாததை அவரிடம் சொன்னேன்.

என் தம்பி பத்தொன்பது வயதில் அதே தொழிற்பேட்டையில் ஒரு இரும்பு கம்பெனிக்கு கான்ட்ராக்ட் வேலைக்குப் போனான். மூன்றாவது மாதம் மெஷினில் சிக்கிவிட்டான். தகவல் தெரிந்து அம்மாவும் அக்காவும் நானும் ஓடினோம். கேட்டைத் திறக்கவில்லை. அம்மா அழவில்லை. கேட்டுக்கு அந்தப் பக்கம் நின்ற ஆபீசரிடம் நிதானமாகக் கேட்டாள்: "காலைல நாஷ்டா துன்னுட்டு நல்லாதான் வந்தான். முழுசாதான உள்ள அனுப்புனேன்? முழுசாவே குடு. எனுக்கு வேற ஒண்ணியும் வாணாம்." அந்த ஆள் கையில் இருந்த நோட்டைப் புரட்டிக்கொண்டே உள்ளே போய்விட்டான். அம்மா மறுபடி மறுபடி கேட்டாள். சாகும்வரை அவளுக்கு யாரும் பதில் சொல்லவில்லை.

கேட்டுக்கொண்டிருந்த டைரக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "இதையே சொல்லுங்கம்மா. ஒரு எழுத்து மாத்தாதீங்க" என்றார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, நிஜமான கம்பெனி வாசலில் எடுத்தோம். புடவைக்குள் மைக் குத்திவிட்டார்கள். அம்மா சொன்னதை அம்மா சொன்னபடியே சொன்னேன். ஒரே டேக். வேடிக்கை பார்க்க நின்ற ஷிப்ட் ஆட்கள்கூட மூச்சு விடவில்லை. பிறகு டப்பிங்குக்கு என்னைக் கூப்பிடவே இல்லை. ஸ்பாட்டில் பதிவான குரலையே வைத்துக்கொண்டார்கள் என்று நினைத்துக்கொண்டேன். பின்னால் டப்பிங் பேசுகிறவர்கள் கேட்டுக்கொள்வதற்காகவும் அந்த மைக்கைக் குத்துவார்கள். அது எனக்குத் தெரியாதா? தெரியும். தெரிந்தும் ஏமாந்தேன்.

படம் வந்ததும் அக்காவைத் திருவள்ளூருக்கு வரச் சொன்னேன். திருத்தணிக்கு அந்தப் பக்கம் பொதட்டூர்பேட்டையில் அவளைக் கொடுத்திருக்கிறது. இருபத்தைந்து வருஷம் விசைத்தறிக் கூடத்தில் நின்றதில் அவளுக்குக் காது சுத்தமாகப் போய்விட்டது. எதிரில் இருப்பவர்கள் வாயைப் பார்த்தே என்ன பேசுகிறார்கள் என்று சொல்லிவிடுவாள். என் சீரியல்களையும் அப்படித்தான் பார்ப்பாள். அன்றைக்குக் கேட்டில் அம்மாவைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு நின்றவள் அவள்தான்.

மேட்னி ஷோ. பாதிக்கு மேல் கூட்டம். அந்தக் காட்சி வந்தது. திரையில் என் வாய் திறந்தது. "ஏ ராசா, என்னயப் பெத்த ஐயா, இந்தப் பாவிய இப்பிடித் தவிக்க விட்டுட்டுப் போயிட்டியேய்யா" என்று தெற்கத்திப் பேச்சில் யாரோ கதறினாள். என் உதட்டுக்குப் பொருந்துகிற மாதிரி இழுத்தும் சுருக்கியும் ஒரு ஒப்பாரி. நாஷ்டா இல்லை, முழுசா குடு இல்லை, கேள்வியே இல்லை. கம்பெனிக்காரனைப் பார்த்துக் கேட்டவளை, தலைவிதியை நினைத்து அழுகிறவளாக மாற்றிவிட்டார்கள். என்னைச் சுற்றி உட்கார்ந்திருந்தவர்கள் மூக்கை உறிஞ்சினார்கள். 

படம் முடிந்ததும் வெளியே வந்து, வாசலிலேயே நின்று டைரக்டருக்குப் போன் போட்டேன். அவர் நெளிந்தார். தயாரிப்பாளர் பக்கம் ஒத்துக்கொள்ளவில்லையாம். "உங்க பேச்சுல சோகம் வரமாட்டேங்குதும்மா. ஜனங்க சிரிச்சிடுவாங்க" என்றார்.

"எங்கம்மா பேசும்போது எவன்டா சிரிச்சான்?" என்று கேட்டேன். டிக்கெட் எடுக்க நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அவர் லைனைக் கட் பண்ணிவிட்டார். மறுபடி போட்டேன். எடுக்கவில்லை. கேட்டதற்குப் பதில் சொல்லாமல் உள்ளே போய்விட்ட இன்னொரு ஆள்.

அக்கா அப்போதுதான் கூட்டத்தோடு மெதுவாக வெளியே வந்தாள். அழுது அழுது முகம் வீங்கியிருந்தது. என் தோளை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். காது கேட்காததால் அவள் எப்போதும் உரக்கத்தான் பேசுவாள்.

"அம்மா கேட்டத அப்டியே கேட்டுட்ட பாப்பா. முழுசா குடுன்னு."

தியேட்டர் முழுக்க அவள் ஒருத்திதான் என் உதட்டில் அதைப் பார்த்திருக்கிறாள். நான் ரோட்டுப் பக்கம் திரும்பிக்கொண்டேன். அவள் என் மோவாயைத் தொட்டுத் தன் பக்கம் திருப்பினாள்.

"அன்னிக்கு ஒருத்தனும் காதுல வாங்கல. இன்னிக்கு அல்லாருக்கும் கேட்டுச்சா?"

பதிலுக்காக என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவளிடம் முனகித் தப்பிக்க முடியாது. உதட்டை நன்றாகப் பிரித்துச் சொன்னால்தான் அவளுக்குப் புரியும்.

"கேட்டுச்சுக்கா. அல்லாருக்கும் கேட்டுச்சு" என்றேன்.

அக்கா தலையாட்டினாள். முந்தானையால் முகத்தை அழுத்தித் துடைத்துக்கொண்டு, திருத்தணி பஸ் எங்கே நிற்கும் என்று கேட்டாள். என் வாயிலிருந்து வருவது என் பேச்சுதான் என்று நம்பிக்கொண்டிருப்பவள் அவள் ஒருத்திதான். அவளிடமும் என்னைப் பொய் சொல்ல வைத்துவிட்டார்கள்.