பள்ளிக்கூடப் பதிவேட்டில் அப்பா சொன்ன சாதி

தபால்காரரின் சைக்கிள் மணி கேட்டால் இன்றைக்கும் கைவேலையைப் போட்டுவிட்டு வாசலுக்கு ஓடுவேன். அறுபதுகளின் நடுவில், எடமலைப்பட்டி புதூர் வீட்டுக்கு ஒரு பழுப்பு உறை வந்தது. மலைசாதி என்ற என் சாதிச் சான்றிதழை ரத்து செய்துவிட்டார்களாம். அதை வைத்துத்தான் எனக்கு சர்க்கார் ஆபீசில் டைப்பிஸ்ட் வேலை கிடைத்திருந்தது. பொய்ச் சான்றிதழ் கொடுத்தவள் என்று முடிவானால் வேலையும் போகும், கேசும் வரும்.

அப்பா பச்சைமலையில் பிறந்து, பிழைப்புக்காகத் திருச்சிக்கு இறங்கியவர். மலையில் இருக்கும் எங்கள் மக்கள் சர்க்கார் பட்டியலில் மலைசாதி. ஆனால் எந்தப் புண்ணியவானோ மொட்டைக் கடிதாசி போட்டிருந்தான்: அவள் மலைசாதியே இல்லை, பள்ளிக்கூடப் பதிவேட்டைப் பாருங்கள் என்று. பார்த்திருக்கிறார்கள். 'வெள்ளாளக் கவுண்டர்' என்று இருந்தது. என்னை ஒன்றாம் வகுப்பில் சேர்த்தபோது அப்பாவே சொல்லி எழுத வைத்தது.

"ஏம்ப்பா அப்படிச் சொன்னீங்க?"

"வாத்தியார் கேட்டாரு, சொன்னேன். நம்ம முன்னோருங்க காஞ்சிபுரத்துலேர்ந்து மலையேறுன வெள்ளாளங்க. மலையில யாரைக் கேட்டாலும் இதைத்தான் சொல்லுவாங்க. மலைசாதின்னு சர்க்கார்தான் சொல்லுது."

அப்போதும் அவர் முகத்தில் பெருமை. அந்தப் பெருமையை அப்படியே பிடுங்கிக் காவிரியில் வீசலாம் போல எனக்கு ஆத்திரம் வந்தது.

ஸ்ரீரங்கத்தில் உத்தர வீதியில் ஒரு வயதான வக்கீல் இருந்தார். காகிதங்களைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "ரத்து பண்றதுக்கு முன்னாடி உன்னைக் கூப்பிட்டு ஒரு வார்த்தை கேட்டாளோ?" என்றார்.

"இல்லைங்க."

"நோட்டீஸ்?"

"வரலைங்க."

"கேக்காம தண்டிக்கப்படாது. ஐகோர்ட்டுல ரிட் மனு போடலாம். பயப்படாதேம்மா, பெருமாள் பார்த்துப்பார்."

பயப்படாமல் எப்படி இருப்பது? வழக்கு முடியும்வரை வேலையில் இருக்கலாம் என்று கோர்ட்டு இடைக்காலத் தடை கொடுத்தது. ஆனால் ஒவ்வொரு நாளும் மேஜைமேல் பழுப்பு உறை ஏதும் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் ஆபீசில் உட்காருவேன். மேலதிகாரியின் அறையில் மணி அடித்தால் என் விரல்கள் தப்பான எழுத்தில் போய் விழும். யார் கடிதாசி போட்டவர் என்று தெரியாததால் எல்லார் முகத்தையும் பார்த்துப் பார்த்துப் பயந்தேன். சிரித்துப் பேசியவர்களிடம்தான் அதிகம் பயந்தேன்.

ஒரு வருஷம் கழித்துத் தீர்ப்பு வந்தது. வக்கீல் கல்கண்டு கொடுத்தார். எனக்கு அது கசந்தது. நான் மலைசாதி என்று கோர்ட்டு சொல்லவில்லை. என் பக்கத்தைக் கேட்காமல் ரத்து செய்தது தப்பு, மறுபடி முறையாக விசாரியுங்கள் என்றுதான் சொல்லியிருந்தது. விசாரணை மலையில், ஊர்த் தலைவரான ஊர்க்கவுண்டரின் முன்னால் நடக்கும் என்றார்கள்.

அதைக் கேட்டதும் அம்மா அடுப்படியிலேயே உட்கார்ந்துவிட்டாள். அம்மாவுக்கு ஜீயபுரம், மலைக்குக் கீழே வயல்காட்டில் வளர்ந்த கீழ்நாட்டுப் பெண். "என்னைக் கட்டினதுக்காக உங்கப்பாவை அந்த ஊரு தள்ளி வெச்சிருக்குடி" என்றாள். "நெருப்பு, தண்ணி கிடையாது. செத்தாலும் வர மாட்டாங்க. உனக்காகச் சாட்சி சொல்லவா போறாங்க?"

ஊர்க்கவுண்டருக்கு முன்கூட்டியே ஆள் அனுப்பிச் சொல்லி வைக்கலாமா என்று வக்கீலிடம் கேட்டேன். "சாட்சியைக் கலைச்சேன்னு ஆயிடும், வாயைத் திறக்காதே" என்று அதட்டினார்.

விசாரணைக்கு வந்த அதிகாரியோடும் அவருடைய குமாஸ்தாவோடும் மலையேறினோம். ஊர் எல்லையில் அப்பா நின்றுவிட்டார். தள்ளி வைக்கப்பட்டவன் அதைத் தாண்டக்கூடாதாம். அம்மாவும் அவரோடு ஒரு பாறையில் உட்கார்ந்துகொண்டாள். நான் மட்டும் அதிகாரியின் பின்னால் போனேன்.

"நீங்க என்ன சாதி?" அதிகாரி கேட்டார்.

ஊர்க்கவுண்டர் நிமிர்ந்து உட்கார்ந்தார். "வெள்ளாளங்க. காஞ்சிபுரத்துலேர்ந்து வந்தவங்க."

குமாஸ்தாவின் பேனா அதை எழுதியது. நான் அந்தப் பேனாவையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அதிகாரி அப்பாவின் பெயரைச் சொல்லித் தெரியுமா என்றார்.

"அவன் பேரை இந்த ஊருல எடுக்கிறதில்லீங்க."

"அப்ப உங்க ஆளு இல்லையா?"

கிழவருக்குக் கோபம் வந்துவிட்டது. "எங்க ஆளு இல்லேன்னா நாங்க ஏங்க தள்ளி வைக்கணும்? கண்டவன் எவளைக் கட்டினா எங்களுக்கென்ன? கீழ்நாட்டுப் பொண்ணைக் கட்டினான், பஞ்சாயத்துக் கூட்டித் தள்ளி வெச்சோம். அதோ, அவன் பொறந்த வீடு."

அதிகாரி குமாஸ்தாவைப் பார்த்தார். "எல்லாத்தையும் எழுதிக்குங்க. அந்த வெள்ளாளக் கதையையும். இந்த மலையில எல்லாரும் அதைத்தான் சொல்றாங்க, பொண்ணோட அப்பாவும் அதைத்தான் பள்ளிக்கூடத்துல சொல்லியிருக்காரு. அவரு இந்த மலை ஆளுங்கறதுக்கு அதுவும் ஒரு சாட்சி."

ஊர்க்கவுண்டர் கைநாட்டு வைத்தார். அதிகாரி அந்த வீட்டைப் பார்க்க நடந்ததும், கிழவர் என் பக்கம் திரும்பிக் குரலைத் தாழ்த்தினார்.

"உங்கப்பன் வந்திருக்கானா?"

"எல்லையில நிக்கிறாருங்க."

"வரச் சொல்லு. உங்கம்மாவும் வரட்டும். எனக்கும் வயசாயிடுச்சு, பார்த்து எத்தனை வருஷமாச்சு."

நான் தலையாட்டினேன். எல்லைக்கு வருவதற்குள் பயம் என்னைப் பிடித்துக்கொண்டது. தள்ளி வைக்கப்பட்டவனை அன்றைக்கே ஊருக்குள் கூட்டி உட்கார வைத்தால் அதிகாரி என்ன நினைப்பார்? எல்லாம் பேசி வைத்த நாடகம் என்று எழுதிவிட்டால்?

அப்பா எழுந்து நின்றார். "என்ன சொன்னாரு?"

"நம்ம ஆளுதான்னு கைநாட்டு வெச்சுட்டாருப்பா."

அவருக்குக் கண் நிறைந்துவிட்டது. "வேற ஒண்ணும் சொல்லலையா?"

"இல்லப்பா" என்றேன்.

சான்றிதழ் வந்தது, வேலையும் நிலைத்தது. மறுவருஷம் ஊர்க்கவுண்டர் இறந்துபோனதாகக் கேள்விப்பட்டோம். அப்பா அந்த எல்லையைத் தாண்டவே இல்லை. கிழவர் வரச் சொன்னதை அவரிடம் நான் கடைசிவரை சொல்லவும் இல்லை.