இம்மாகுலேற்றின் முதல் வசனம்

லண்டன் பிளேஸ்டோவில் இம்மாகுலேற்றின் முதுகைத் தெரியாத தமிழர் குறைவு. 1985இல், தொலைக்காட்சித் தொடர் ஒன்றின் சந்தைக் காட்சிக்குச் சேலை கட்டிய பெண்கள் வேண்டுமென்று கத்தோலிக்கக் கோயிலில் பூசை முடிவில் அறிவித்தார்கள். மருத்துவமனைச் சலவையறையில் வேலை செய்துகொண்டிருந்தவள் லீவு போட்டுவிட்டுப் போனாள். பிறகு கூப்பிட்டுக்கொண்டே இருந்தார்கள். தக்காளி பொறுக்குபவள், பஸ்ஸுக்கு நிற்பவள், பிரசவ வார்டில் யாருக்கோ உறவு. கமரா எப்போதும் அவளுக்குப் பின்னால்தான்.

"நேற்றும் உன்ர முதுகு நல்லா நடிச்சது," என்பாள் கூட்டாளி டொலறஸ், கோயில் வாசலில். "முகத்தை எப்ப காட்டப்போறாய்?"

"கேட்டாத்தானே காட்டலாம்."

சிரித்துத்தான் சொல்லுவாள். ஆனால் ஒரு வசனம் வேண்டும் என்று அவளுக்குள் கிடந்தது. பேசாதவர்களின் பெயரைக் கடைசியில் போடுவதில்லை.

ஒன்பது வருடம் கழித்து வசனம் வந்தது. அந்தத் தொடரில் தெருவுக்கே மூத்த கிழவியாக நெடுங்காலம் நடித்த மார்ஜரியைத் தொடரிலிருந்து நிறுத்துகிறார்கள். கடைசிக் காட்சியில் அவள் பெட்டியோடு கடைக்கு வந்து வீட்டுச் சாவியைக் கொடுப்பாள். கடைக்காரியாக வரும் இம்மாகுலேற் கேட்க வேண்டும்: "எங்கே போகிறீர்கள்?" அவ்வளவுதான்.

கணவர் கஸ்பர் ஷிப்டுக்குச் சப்பாத்துப் போட்டுக்கொண்டு வெளிக்கிடுகையில், குசினி அடுப்பருகிலிருந்து அதை ஆங்கிலத்தில் கேட்டுப் பார்த்தாள். கதவில் வைத்த கையை அவர் எடுத்துவிட்டார்.

"உனக்கு விசரே? வெளிக்கிடுற ஆளிட்ட எங்க போறாய் எண்டு கேக்கிறதோ? போற காரியம் சரிவருமே?"

"வசனமப்பா."

"வசனமெண்டாலும் என்ர காதிலதானே விழுந்தது."

திரும்பி வந்து கதிரையில் உட்கார்ந்து, ஒரு கிளாஸ் தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு, புதிதாக வெளிக்கிட்டுப் போனார்.

படப்பிடிப்பன்று தேநீருக்கு நிற்கையில் மார்ஜரி சொன்னாள்: "இதற்குப் பிறகு கையில் ஒரு வேலையும் இல்லை." பின்னால் நிற்பவர்களோடும் பேசுகிற நட்சத்திரம் அவள் ஒருத்திதான்.

அதன் பிறகு பெட்டியோடு கடைக்குள் வந்தவளைப் பார்த்து இம்மாகுலேற்றுக்கு வாய் எழவில்லை. நிறுத்தி மறுபடி எடுத்தார்கள். இம்முறை, "போய்விட்டு வாருங்கள்," என்றாள்.

"அவள் திரும்பி வரமாட்டாள். கதையே அதுதான்," என்றார் இயக்குநர். "உங்களால் முடியாவிட்டால் சாவியை மேசையில் வைத்துவிட்டுப் போகட்டும். வசனமே வேண்டாம்."

மார்ஜரி பெட்டியைக் கீழே வைத்தாள். "என்ன சிக்கல்?"

இம்மாகுலேற் தலை குனிந்தபடி சொன்னாள். கேட்டால் போகிற காரியம் கெடும். நடிப்புக்கு என்றாலும், உங்களுக்கு வேலையில்லாத நேரத்தில், என்னால் ஏலாது.

மார்ஜரி சிரிக்கவில்லை. "கேட்டுவிட்டால் மாற்று ஒன்றும் கிடையாதா?"

"சற்று உட்கார்ந்து, தண்ணீர் குடித்துவிட்டுப் புதிதாகப் புறப்பட வேண்டும்."

"கடையில் தண்ணீர் இருக்கும்தானே?"

மூன்றாம் முறை இம்மாகுலேற் தாளில் இருந்தபடியே தெளிவாகக் கேட்டாள். கேட்ட கையோடு ஸ்டூலை இழுத்துப் போட்டாள். தண்ணீர் வார்த்து நீட்டினாள். நிறுத்தச் சொல்லி யாரும் குரல் கொடுக்கவில்லை. மார்ஜரி அதில் உட்கார்ந்தாள். கடையை ஒருமுறை சுற்றிப் பார்த்தாள். குடித்து முடித்து, கிளாஸையும் சாவியையும் ஒன்றாகக் கையில் கொடுத்துவிட்டு எழும்பிப் போனாள்.

இயக்குநர் கையிலிருந்த தாளைப் புரட்டினார். பிறகு, "அடுத்த காட்சி," என்றார்.

ஒளிபரப்பானபோது எல்லாம் அப்படியே இருந்தது. கடைசியில் அவள் பெயரும் ஓடியது. டொலறஸ் கோயில் வாசலில் காத்திருந்தாள்.

"முகம் பறவாயில்லை," என்றாள். பிறகு, "அந்த மனுசி தண்ணி குடிக்கேக்க என்னாலை பாக்கேலாமப் போட்டுது."

அடுத்த வசந்தத்தில் மார்ஜரி போனில் கூப்பிட்டாள். மான்செஸ்டரில் ஒரு புதுத் தொடரில் சேர்ந்திருக்கிறாளாம். வேலை கேட்டு அந்தத் தொடர்காரரைப் பார்க்கப் போவதற்கு முன், வீட்டில் உட்கார்ந்து ஒரு கிளாஸ் தண்ணீர் குடித்தாளாம்.

அதே வாரம் இம்மாகுலேற்றுக்கும் அடுத்த பகுதியின் வசனத்தாள் வந்தது. கடைக்காரிக்கு ஒரு பெயர் வைத்திருந்தார்கள். வசனமும் கூடியிருந்தது. தாளோடு குசினியில் நின்றாள். கஸ்பர் கதவடியில் தயங்கினார்.

"இந்தமுறை என்ன கேக்கப்போறாய்?"

"ஒண்டும் கேக்கேல்லை. பால் நாளைக்குத்தான் வருமாம்."

"அப்ப சரி, வாறன்."

அவர் கதிரையில் உட்காராமலே போனார்.