அம்மாவின் மெஷினை ஜப்தி செய்த வருஷம்

மெஷின் எண்ணெயும் கஞ்சி போகாத புதுத்துணியும் கலந்த வாசனை எங்கள் வீட்டு நடுக்கூடத்தில் எந்நேரமும் இருக்கும். அம்மா கல்யாணச் சீராகக் கொண்டுவந்த தையல் மெஷினின் வாசனை அது. ஏரி வறண்டு பயிர் கருகிய எழுபதுகளின் அந்த இரண்டு வருஷமும், ஒரகடத்தைச் சுற்றியிருந்த ஊர்ப் பெண்களுக்கு ரவிக்கை தைத்துத்தான் அம்மா எங்களுக்குச் சோறு போட்டாள். அப்பாவின் நிலத்துக்காக அரசாங்கத்துக்குக் கட்டவேண்டிய 'தீர்வை' மட்டும் பாக்கி நின்றுவிட்டது.

தீர்வை வசூலிப்பவர் எங்கள் ஊர் முன்சீப். அப்பாவோடு ஒரே பெஞ்சில் படித்தவர். எனக்குத் தாய்மாமன் இல்லாததால் அவர் மடியில் உட்காரவைத்துத்தான் காது குத்தினார்கள். அதனால் எனக்கு அவர் 'மாமா'. "மழ பெய்யட்டும், பாத்துக்கலாம்" என்று அவர் சொன்னதை நம்பி அப்பா நிம்மதியாக இருந்தார்.

ஒரு வெள்ளிக்கிழமை காலை, அப்பா வடக்குப்பட்டுக்குக் கூலி வேலைக்குப் போயிருந்த நேரம், ரெவின்யூ இன்ஸ்பெக்டர் இரண்டு தலையாரிகளோடு வந்தார். நோட்டீஸ் எதுவும் அதற்கு முன் வந்திருக்கவில்லை. வழி காட்டிக்கொண்டு முன்னால் வந்தவர் மாமா. செருப்புக் காலோடு நடுக்கூடம்வரை நுழைந்த இன்ஸ்பெக்டர், அம்மா தைத்துக்கொண்டிருந்த மெஷினைக் காட்டி, "இதத் தூக்குங்கடா" என்றார்.

"இது எங்கம்மா வூட்டு சீரு சார். அவுரு நெலத்துத் தீர்வைக்கு என் மெஷின்ல கை வெக்கறது இன்னா நாயம்?" என்றாள் அம்மா.

"புருஷன் சொத்து வேற, பொண்டாட்டி சொத்து வேறயா?" என்று இன்ஸ்பெக்டர் சிரித்தார்.

அம்மா மாமாவைப் பார்த்தாள். அவர் தரையைப் பார்த்துக்கொண்டே, "குடுத்துடும்மா. பத்து நாள்ல நானே கொண்டாந்து வெக்கறேன்" என்றார். ஊசியில் மாட்டியிருந்த ரவிக்கையைக் கழற்றக்கூட விடாமல் தூக்கினார்கள். உருண்டு விழுந்த நூல்கண்டிலிருந்து நூல் வாசல்வரை நீண்டு வந்து அறுந்தது.

பத்து நாள் போய் ஒரு மாதமாயிற்று. என் பள்ளிக்கூட டீச்சர்தான், பிழைப்புக்கான சாமானை ஜப்தி செய்ய யாருக்கும் அதிகாரமில்லை, நோட்டீஸ் இல்லாமல் வீட்டுக்குள் நுழைந்ததும் தப்பு என்று சொல்லி மனு எழுதித் தந்தார். அம்மா என்னைக் கூட்டிக்கொண்டு பஸ் ஏறி தாலுக்கா ஆபீசுக்குப் போனாள். மனுவைப் படித்த தாசில்தார் முகம் சுளித்து, அந்த ஃபைலைக் கொண்டுவரச் சொன்னபோது, மெஷின் அன்றைக்கே வீடு திரும்பிவிடும் என்றே நான் நினைத்தேன்.

ஃபைலைப் புரட்டிய தாசில்தாரின் குரல் மாறிவிட்டது. "உன் புருஷனே எழுதிக் குடுத்திருக்காரேம்மா" என்று ஒரு காகிதத்தை எங்கள் பக்கம் திருப்பினார். நோட்டீஸ் பெற்றுக்கொண்டதாகவும், மெஷின் தன்னுடையதென்றும், அதை மனமுவந்து ஒப்படைத்ததாகவும் அதில் இருந்தது. அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. ஐந்தாம் வகுப்பில் இருந்த நான்தான் எழுத்துக் கூட்டி வாசித்தேன். கீழே அப்பாவின் கையெழுத்து. சாட்சியாக மாமாவின் கையெழுத்து. மெஷின் ஏலத்தில் போய் இரண்டு வாரமாகியிருந்தது.

அன்று சாயங்காலம் அப்பா தலை நிமிரவே இல்லை. "மெஷின தூக்கன அன்னிக்கி ராத்திரி முன்சீப்பு என்னண்ட வந்தான். மனு கினு போட்டா அவன் வேலைக்கு ஆபத்தாம். கையெழுத்துப் போட்டா மெஷின வுட்டுடுவாங்கன்னு சத்தியம் பண்ணான். இன்னா எழுதிகீதுன்னு நான் பாக்கல."

"அவன் ஏமாத்துனது போவட்டும்" என்றாள் அம்மா. "எம் பொருளுக்கு என்னண்ட ஒரு வார்த்த கேட்டியாய்யா நீ?"

மறுநாளிலிருந்து அம்மா கையாலேயே தைத்தாள். தைக்கக் கொடுப்பவர்கள் குறைந்துபோனார்கள்.

முன்சீப் பதவியைப் பின்னாளில் அரசாங்கமே ஒழித்துவிட்டது. எங்கள் நிலத்தின்மேல் இன்று ஒரு தொழிற்சாலையின் வண்டிகள் வரிசையாக நிற்கின்றன. அப்பாவும் போய்ச் சேர்ந்துவிட்டார். கடைசிவரை அம்மா அவருக்கு வேளாவேளைக்குச் சோறு போட்டாள், காய்ச்சலில் படுத்தால் கால் பிடித்துவிட்டாள். ஆனால் வீட்டு விஷயம் எதையும் அவள் அவரோடு கலந்து பேசி, அந்த வருஷத்துக்குப் பிறகு நான் கேட்டதே இல்லை.