சம்பந்தி வூட்டுக் கையெழுத்து

மொதல்லயே சொல்லிடறேன், நான் சட்டம் படிச்சவ இல்ல. பாண்டிச்சேரியில திருவாண்டார்கோயில் பக்கத்துல எங்க வூட்டுக்காரரு ஹாலோ பிளாக் கல்லு கம்பெனி வெச்சிருந்தாரு. நான் பில்லு போட்டு, லோடு எண்ணி அனுப்பினவ. அவ்ளோதான். ஆனா குடுத்த கடனுக்கு கோர்ட்டுக்குப் போறதுக்கும் ஒரு கெடு இருக்கு, அது தாண்டிட்டா நம்ம பணத்த நாமளே கேக்க முடியாதுன்னு இன்னிக்கு யாரு வந்தாலும் ஒக்கார வெச்சு பாடம் எடுப்பேன்.

எங்ககிட்ட கல்லு எடுத்தவரு ஒரு காண்ட்ராக்டர். எங்க பக்கத்து மதகடிப்பட்டுலேருந்து வண்டியில போனா கொஞ்ச தூரந்தான், ஆனா அவரு ஊரு விழுப்புரம் மாவட்டம், தமிழ்நாடு. எங்களுக்கு அதெல்லாம் ஒரு விஷயமா பட்டதே இல்ல. மாவு அரைக்க ஒரு மாநிலம், மளிகை வாங்க ஒரு மாநிலம்னு வளந்தவங்க நாங்க. அவரு ஊர்ல ஒரு கல்யாண மண்டபம் கட்ட லோடு லோடா எடுத்தாரு. பாதிப் பணம் வந்துச்சி, மீதி நின்னு போச்சி. மெஷின் வாங்கின லோனுக்கு நாங்க நம்பி இருந்தது அந்த மீதியத்தான்.

அத கேக்கறதுக்குள்ள அவரு வூட்லேருந்து பொண்ணு கேட்டு வந்துட்டாங்க. பையன் நல்ல பையன், எங்க பொண்ணுக்கும் புடிச்சிருந்துச்சி. தாலி ஏறின அன்னியோட பாக்கிக்காரரு சம்பந்தி ஆயிட்டாரு. அப்புறம் யாரு வாயத் தொறக்கறது? பொண்ணு குடுத்த வூட்ல கணக்கு பேசினா எங்க பக்கம் காறித் துப்புவாங்க.

பொண்ணு முழுகாம இருந்தப்ப வளைகாப்பு வெச்சோம். அன்னிக்கு சம்பந்தியே, "கொஞ்சம் பணம் இப்பவே போட்டு வுடறேன் சம்பந்தி, பாக்கியில கழிச்சிக்குங்க"ன்னு போன எடுத்தாரு. எங்க வூட்டுக்காரரு அவரு கையப் புடிச்சிக்கிட்டாரு. "நல்ல நாளும் அதுவுமா எதுக்கு? அப்புறம் பாத்துக்கலாம்." அவரும் போன பாக்கெட்ல போட்டுக்கிட்டாரு. ரெண்டு பேரும் சிரிச்சாங்க. புளிசாதம் கிளறிக்கிட்டு இருந்த எனக்குத்தான் வயிறு எரிஞ்சிது. பெரிய கர்ணன் பரம்பரை.

பேங்க்லேருந்து நோட்டீஸ் மேல நோட்டீஸ் வர ஆரம்பிச்சிது. மெஷின தூக்கிடுவோம்னாங்க. மெஷின் போனா கம்பெனி இல்ல, கம்பெனி போனா எங்களுக்கு வேற இன்னா இருக்கு? எங்க வூட்டுக்காரர இழுத்துக்கிட்டு வில்லியனூர்ல ஒரு வக்கீலம்மாகிட்ட போனேன். அந்தம்மா பில்லையெல்லாம் பொரட்டிப் பாத்துட்டு, கடைசி லோடு போன தேதியத்தான் கேட்டாங்க. கேட்டுட்டு தலையில கைய வெச்சிக்கிட்டாங்க. மூணு வருஷ கெடு அந்த மாசத்தோட முடியுது.

"அவரு குடியிருக்கறது அங்க, கல்லு எறக்கினதும் அங்க. இங்க பாண்டிச்சேரியில போட்டு, இது எங்க எல்லை இல்லன்னு திருப்பிக் குடுத்துட்டா வீண் அலைச்சல். விழுப்புரத்துல போடறதுதான் பத்திரம். இவ்ளோ தொகைக்கு எடுத்ததும் கேஸ் போட முடியாது, மொதல்ல சமரசத்துக்கு மனு குடுக்கணும். அத குடுத்துட்டாலே நாள் ஓடறது நின்னுடும்"னாங்க. அப்புறம் எங்க மூஞ்சியப் பாத்தாங்களோ இன்னாவோ, "கோர்ட்டே வேணாம்னா, இவ்ளோ பாக்கி இருக்குன்னு எழுதி கெடுவுக்குள்ள ஒரு கையெழுத்து வாங்கிட்டு வாங்க. அன்னியிலேருந்து புதுசா மூணு வருஷம்" அப்படின்னாங்க.

நான் வளைகாப்பு கதைய சொன்னேன். "அன்னிக்கு அவரு போன்ல கொஞ்சமா போட்டிருந்தாக்கூட அந்தத் தேதியிலேருந்து கணக்கு புதுசா ஆரம்பிச்சிருக்குமேம்மா"ன்னாங்க. எங்க வூட்டுக்காரரு குனிஞ்ச தலை நிமிரல. எனக்கு அவரப் பாத்து பாவமாவும் இருந்துச்சி, நாலு அறை வுடலாம் போலவும் இருந்துச்சி.

கேஸ் போட மாட்டேன்னுட்டாரு. பொண்ணு வாழற வூட்டு வாசல்ல சம்மனோட ஆள் நிப்பானான்னு கேட்டாரு. சரி, கையெழுத்தாவது வாங்குவோம்னு நான் கெளம்பினேன். சொல்லாம கொள்ளாம சம்பந்தி வூட்டுக்குப் போறது மரியாதை இல்லன்னு, இவரு மொத நாளே போன் பண்ணி, நான் வர்றதையும் எதுக்கு வர்றேன்கறதையும் சொல்லி வெச்சிட்டாரு.

போனேன். "வா தங்கச்சி"ன்னு நல்லாத்தான் கூப்பிட்டாரு சம்பந்தி. எம்பொண்ணு எலை போட்டு பரிமாறினா. சாப்பிட்டு கைய கழுவிட்டு, பாக்கி எழுதின காயிதத்த எடுத்து நீட்டினேன். பொறுமையா படிச்சாரு. மடிச்சி, அவரே என் பையில திருப்பி வெச்சாரு.

"நமக்குள்ள இன்னாம்மா கையெழுத்து? நான் இன்னா ஊர வுட்டா ஓடப் போறேன்? பொங்கல் தாண்டட்டும், பேங்க்ல நானே கட்டறேன்."

சொல்றப்ப கண்ணு வேற கலங்குச்சி. நான் வெக்கப்பட்டுப் போயிட்டேன். இப்படிப்பட்ட மனுஷங்கிட்ட காயிதத்த நீட்டிட்டோமேன்னு பஸ்ல வர்ற வழியெல்லாம் என்னையே திட்டிக்கிட்டு வந்தேன். எம்பொண்ணு கைக்கொழந்தையோட பஸ் ஸ்டாப்பு வரைக்கும் வந்தா. "பாத்து போம்மா"ன்னு பஸ் ஏத்தி வுட்டா.

மாசம் முடிஞ்சிது. பொங்கலும் வந்து போச்சி. மெஷின தூக்கிட்டுப் போனாங்க. அன்னிக்கு எங்க வூட்டுக்காரரு சிமெண்ட் கொட்டாயில தனியா ஒக்காந்து அழுதாரு. அதுக்கப்புறந்தான் அந்த மனுஷனுக்கு ரோஷம் வந்து வக்கீல் நோட்டீஸ் அனுப்பச் சொன்னாரு. சம்பந்தியோட வக்கீல்கிட்டேருந்து பதில் வந்துச்சி. கல்லு வாங்கலன்னு சொல்லல, பணம் குடுத்துட்டேன்னும் சொல்லல. கால வரம்பு தாண்டிடுச்சி, இனிமே சட்டப்படி கேக்க முடியாது. அவ்ளோதான் பதில்.

அந்த வாரம் எம்பொண்ணு கொழந்தைய தூக்கிக்கிட்டு வந்தா. நான் அவ மாமனார வாயில வந்தபடி ஏசிக்கிட்டே இருந்தேன். கேட்டுக்கிட்டு இருந்தவ மெதுவா சொன்னா.

"மாமாவுக்கு அன்னிக்கே தெரியும்மா. அப்பா போன் பண்ணதும் வக்கீல்கிட்ட பேசினாரு. எதுலயும் கையெழுத்து போடாதீங்க, பணமும் குடுக்காதீங்க, இந்த மாசம் தாண்டினா போதும்னாரு அந்த வக்கீல். ஸ்பீக்கர்ல போட்டுத்தான் பேசினாங்க. நான் அங்கதான் இருந்தேன்."

"கேட்டுட்டுத்தான் எனக்கு சோறு போட்டியாடி?"

அவ அழல. கொழந்தைய இந்தத் தோள்லேருந்து அந்தத் தோளுக்கு மாத்திக்கிட்டா. "சொல்லியிருந்தா நீ கேஸ் போட்டிருப்பம்மா"ன்னா.

ஆமாம். போட்டிருப்பேன். அவ அப்பாவ தள்ளிவுட்டுட்டு நானே விழுப்புரம் போயி போட்டிருப்பேன். அவ அந்த வூட்லதான் காலம் தள்ளணும்னு தெரிஞ்சும் போட்டிருப்பேன். அது எம்பொண்ணுக்குத் தெரிஞ்சிருக்கு.