சுவர் முடியக்கூடாது

வாப்பாவை எனக்கு அதிகம் தெரியாது. அவர் சவுதியில் இருந்தார். அங்கே வீட்டுச் சுவர்களைப் பலகை பலகையாகக் கொண்டுவந்து நிறுத்துவார்களாம். பலகைகள் சேரும் இடம் தெரியாதபடி மிஷினால் மாவைப் பீய்ச்சி அடிப்பதுதான் அவர் வேலை. இதைப் பழவேற்காட்டில் யார் நம்புவார்கள்? பள்ளிக்கூடத்தில் சொல்லிப் பார்த்தேன். "உங்க வாப்பா சுவத்துல தோசை ஊத்துறாரா?" என்று சிரித்தார்கள். அதோடு அவரைப் பற்றிப் பேசுவதையே விட்டுவிட்டேன்.

எனக்கு எட்டு வயதானபோது லீவில் வந்தார். வந்தவர் சும்மா இருந்தாரா? உப்புக்காற்றில் பொரிந்து கிடந்த முன்சுவருக்குப் பம்பிலேயே சுண்ணாம்பு அடிக்கிறேன் என்று, திருப்பாலைவனத்தில் ஒரு விவசாயியிடம் நெல்லுக்கு மருந்தடிக்கும் பம்பை இரவல் வாங்கி வந்தார். "சுவரு முடிஞ்சதும் கெளம்பிடுவேன்" என்று உம்மாவிடம் சொன்னது என் காதில் விழுந்தது.

அவர் போய்விட்டால் மறுபடி நானும் உம்மாவும்தான். உம்மாவோ வாய் திறந்து பேசாதவள். சுவர் முடியக்கூடாது என்று முடிவு கட்டினேன்.

எங்கள் ஊர்ச் சுண்ணாம்பு ஏரிக் கிளிஞ்சலைச் சுட்டு நீற்றியது. நீற்றிய பிறகும் கிளிஞ்சல் துணுக்கு நிற்கும். உம்மா அதைப் பழைய வேட்டித்துணியில் வடிகட்டி வைத்தாள். யாரும் பார்க்காதபோது ஒரு பிடி துணுக்கை அள்ளித் திரும்பப் போட்டேன். பம்பு இருமியது, அடைத்துக்கொண்டது. வாப்பா அதன் மூக்கைக் கழற்றி ஊசியால் குத்தினார். "இன்னாடா இது, இந்த மக்கர் பண்ணுது!" மறுநாளும் போட்டேன். மறுநாளும் குத்தினார். ஊசியைப் பிடித்துக்கொண்டு பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். அவரோடு அவ்வளவு நேரம் நான் இருந்ததே இல்லை. எவ்வளவு சந்தோஷம் எனக்கு!

மூன்றாம் நாள் பயம் வந்துவிட்டது. சத்தியமாக நான் எதுவும் போடவில்லை. அப்படியும் பம்பு அடைத்தது. அல்லாவே என் பக்கம் என்று நினைத்தேன்.

வாப்பா உள்ளங்கையில் கொட்டிய துணுக்குகளைப் பார்த்தார். பிறகு உம்மாவைப் பார்த்தார். உம்மா வெள்ளை படிந்த கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். அவர் பம்பை ஓரமாக வைத்துவிட்டு, நார் மட்டையைச் சுண்ணாம்பில் நனைத்து மீதிச் சுவரைக் கையாலேயே அடித்து முடித்தார்.

மறுநாள் காலை பொன்னேரி பஸ் ஏறினார். உம்மா ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. கல் நெஞ்சுக்காரி என்று அவளோடு நான் பல நாள் பேசவில்லை. அந்த மூன்றாம் நாளும் சுண்ணாம்பை வடிகட்டியது அவள்தான் என்பது அப்போது எனக்குத் தோன்றவே இல்லை.